நீறு பூத்த நெருப்பு

போன வாரம் பிரிக்பீல்ட்ஸில் பெரியம்மா வீட்டுக்குப் போயிருந்தேன். அவர் பேரன் கைத்தொலைபேசியில் ஒரு வானப் படத்தைக் காட்டினான். செம்மண் நிறத்தில் தூண்கள், பின்னால் நீலம், எங்கு பார்த்தாலும் விண்மீன்கள்.

பெரியம்மா கிள்ளான் பக்கத்துத் தோட்டத்தில் முப்பது வருஷம் பால் மரம் வெட்டியவர். விடியுமுன் பெரட்டுக்களத்தில் நின்று அன்றாடம் வானம் பார்த்தவர். "ஏன்டா தம்பி, நான் பார்த்த வானத்துல இந்தக் கலரெல்லாம் இல்லையே! யாரோ சாயம் பூசி ஏமாத்துறாங்க" என்றார். பையன் முகம் சுருங்கிவிட்டது.

வாசகர்களே, உங்கள் வீட்டிலும் இந்தக் கேள்வி எழலாம். பதில் சொல்லாவிட்டால் பெரியவர்கள் படமே பொய் என்பார்கள். பிள்ளைகளோ நேரில் போனாலும் இதே பளபளப்புதான் தெரியும் என்று நம்பிவிடுவார்கள். இரண்டும் தவறு.

அந்தத் தூண்கள் மெய். சுமார் 6,500 ஒளியாண்டு தூரத்தில் உள்ள வாயு, தூசி மேகங்கள் அவை. 1990இல் விண்ணுக்குச் சென்ற ஹப்பிள் தொலைநோக்கி 1995இல் அவற்றைப் படம் பிடித்தது. 2021 டிசம்பர் 25இல் ஏவப்பட்ட ஜேம்ஸ் வெப் 2022இல் மறுபடியும் பிடித்தது. வெப் பெரும்பாலும் காண்பது அகச்சிவப்பு ஒளியை. அது நம் கண்ணுக்குத் தெரியாது.

அடுப்பில் நீறு பூத்த நெருப்பைப் பாருங்கள். கண்ணுக்குச் சாம்பல்தான், கையை நீட்டினால் சூடு தெரிந்துவிடும். தூசிக்குள் மறைந்திருக்கும் இளம் விண்மீன்களை வெப் கண்டுகொள்வதும் இப்படித்தான். அது அனுப்புவது கறுப்பு வெள்ளைப் படம். குறுகிய அலைக்கு நீலம், நீண்ட அலைக்குச் சிவப்பு என்று முறை வைத்து விஞ்ஞானிகள் வண்ணம் தருகிறார்கள்.

நம்மவர் பெயரிலும் ஒரு தொலைநோக்கி உண்டு. சென்னை மாநிலக் கல்லூரியில் படித்து, 1983இல் நோபல் பரிசு பெற்ற சுப்பிரமணியன் சந்திரசேகரின் பெயர் தாங்கி 1999இல் சென்றது 'சந்திரா'. விண்ணிலிருந்து வரும் எக்ஸ்ரே கதிர்களை அது பிடிக்கிறது. ஆஸ்பத்திரி எக்ஸ்ரேயில் நம் தோல் நிறம் இல்லை. அதற்காக எலும்பு முறிவு பொய்யாகுமா?

இதையெல்லாம் சொன்னதும் பெரியம்மா படத்தை வாங்கி உற்றுப் பார்த்தார். "அப்போ சாயம் நம்ம கைவேலை, சங்கதி நிஜம்" என்றார்.

பெற்றோர்களே, இனி இப்படி ஒரு படம் வந்தால், எந்த ஒளியில் பிடித்தது, எந்த நிறம் எதைக் காட்டுகிறது என்று பிள்ளைகளைக் கேளுங்கள். விளக்கு வெளிச்சம் குறைந்த இடத்துக்கு அழைத்துப் போய் வெறுங்கண்ணாலும் வானத்தைக் காட்டுங்கள். வரும் பள்ளி விடுமுறையில் பேரனைத் தோட்டத்துக்குக் கூட்டிப் போய் விடிவெள்ளி காட்டப் போகிறாராம் பெரியம்மா.