முதுமையின் மேல் பழி போடலாமா?

"வயசாயிடுச்சுங்க, காது மந்தம்!" சோமனூர் வட்டாரத்து வீடுகளில் பெரியவர்களைப் பற்றி அடிக்கடி கேட்கும் பேச்சு இது. வயது ஏற ஏறச் செவித்திறன் குறைவது உண்மைதான். அறுபது வயதைத் தாண்டியவர்களில் நால்வரில் ஒருவருக்கு மேல், அன்றாட வாழ்க்கை பாதிக்கப்படும் அளவுக்குக் காது கேட்பதில்லை என்று உலக சுகாதார நிறுவனம் கூறுகிறது. ஆனால் முப்பது, நாற்பது ஆண்டுகள் விசைத்தறி ஓட்டிய ஒருவரின் காது மந்தத்துக்கு முதுமையை மட்டும் குற்றவாளியாக்குவது நியாயமா?

தறியில் நாடா எப்படி ஓடுகிறது என்று கவனித்திருப்பீர்கள். ஒரு கட்டை அதை ஓங்கி அடித்து அனுப்புகிறது. பாவுக்கு இடையே பாய்ந்து, மறுமுனைப் பெட்டியில் மோதி நிற்கிறது. நிமிடத்துக்கு நூறு தடவைக்கு மேல் இந்த அடியும் மோதலும் நடக்கின்றன. இப்படிப் பல தறிகள் ஒரே கூரையின் கீழ் ஓடும்போது ஒலி சுமார் 95 முதல் 100 டெசிபெல் வரை போகிறது. நாம் பேசும் பேச்சு ஏறத்தாழ 60 டெசிபெல். "நாற்பதுதானே கூடுதல்" என்று எண்ணிவிடாதீர்கள். டெசிபெல் என்பது மடக்கை அளவு. 10 டெசிபெல் கூடினால் ஒலிச்செறிவு 10 மடங்காகும். 40 கூடினால் 10,000 மடங்கு!

நம் உட்செவியில் நத்தைக் கூட்டைப் போன்ற ஓர் உறுப்பு இருக்கிறது. அதற்குள் சுமார் 15,000 மயிர்ச் செல்கள் உள்ளன. ஒலியதிர்வை நரம்புக்கு ஏற்ற மின் சைகையாக மாற்றுபவை இவையே. பேரிரைச்சலில் நாள்தோறும் அலைக்கழிந்தால் இவை மடிந்துபோகும். மடிந்தவை மீண்டும் முளைப்பதில்லை.

ஸ்காட்லாந்தின் டண்டி நகரில் சணல் நெசவாளர்களின் காதுகளைச் சோதித்த ஆய்வாளர்கள் தம் முடிவுகளை 1965-இல் வெளியிட்டார்கள். 4,000 ஹெர்ட்ஸ் அளவிலான ஒலிகளைக் கேட்கும் திறன், வேலைக்குச் சேர்ந்த முதல் பத்துப் பதினைந்து ஆண்டுகளிலேயே பெரிதும் குறைந்துவிடுவது தெரிந்தது. அதாவது, எழுபது வயதில் தெரியவரும் குறை முப்பது வயதிலேயே தொடங்கிவிடுகிறது.

இதனால் பேச்சில் என்ன நேர்கிறது தெரியுமா? உயிரொலிகள் தாழ்ந்த அதிர்வெண் உடையவை. அவை காதில் விழும். க, ச, ட, ப போன்ற வல்லின ஒலிகளைப் பிரித்துக் காட்டும் நுட்பமான கூறுகள் உயர் அதிர்வெண்ணில் இருப்பவை, அவை நழுவிப்போகும். கால், பால், சால் மூன்றும் ஒன்றுபோலவே கேட்கும். "சத்தம் கேக்குது, என்ன சொல்றீங்கன்னுதான் தெரியல" என்று பெரியவர்கள் சொல்வது சாக்கு அல்ல, சரியான இயற்பியல்!

மருத்துவர் முன் உட்கார்ந்திருக்கும்போது இந்தக் குறை ஆபத்தாகவே மாறுகிறது. எந்த மாத்திரை சாப்பாட்டுக்கு முன், எது பின் என்று பாதி கேட்டும் கேட்காமலும் தலையாட்டிவிட்டு வருவார்கள். மறுபடி கேட்கக் கூச்சம். நாளடைவில் திண்ணைப் பேச்சிலிருந்தும் ஒதுங்கிவிடுகிறார்கள். தடுக்கக்கூடிய மறதிநோய்க் காரணங்களில் செவித்திறன் இழப்பும் ஒன்று என 2017-லும் 2024-லும் லான்செட் மருத்துவ இதழின் வல்லுநர் குழு எடுத்துக்காட்டியது.

இரைச்சலால் வரும் செவித்திறன் இழப்பை நம் நாட்டுச் சட்டமே தொழில்நோய் என ஏற்றிருக்கிறது. ஆனால் வீட்டை ஒட்டிய ஆறு தறிக் கூடத்துக்குள் சட்டம் எட்டிப் பார்ப்பது அரிது. காதை அடைத்தால் தறியின் போக்குத் தெரியாது என்பார்கள் தொழிலாளர்கள். தறியின் ஓசை அடியோடு மறைந்துவிடாது, குறையத்தான் செய்யும். காதடைப்பான் 10 டெசிபெல் குறைத்தாலே, உள்ளே போகும் ஒலிச்செறிவு பத்தில் ஒரு பங்காகிவிடும். கூலிப் பேச்சு நடக்கும்போது காதடைப்பானையும், ஆண்டுக்கொரு முறை காதுச் சோதனையையும் சேர்த்துப் பேச வேண்டும் என்பது என் கருத்து.

2021-இல் தமிழகத்தில் தொடங்கிய 'மக்களைத் தேடி மருத்துவம்' இரத்த அழுத்தத்துக்கும் நீரிழிவுக்கும் மருந்துகளை வாசலுக்கே கொண்டுவந்தது. தறி ஓட்டும் ஊர்களில் காதுச் சோதனையும் அதேபோல் வாசலுக்கு வரவேண்டும். வசதியற்ற முதியோருக்குச் செவித்துணைக் கருவி வழங்க, 2017-இல் தொடங்கப்பட்ட ராஷ்ட்ரிய வயோஸ்ரீ திட்டத்தில் இடமிருக்கிறது. ஆயினும் கருவி ஒலியைப் பெருக்குமே தவிர, மடிந்த செல்லை எழுப்பாது. வருமுன் காப்பதே மேல்.

இளம் நண்பர்களே, உங்கள் பங்கும் உண்டு. தாத்தாவிடமும் அப்பத்தாவிடமும் கத்திப் பேசாதீர்கள்; எதிரே உட்கார்ந்து, உங்கள் உதடு தெரியும்படி நிதானமாகப் பேசுங்கள். மருத்துவமனைக்கு உடன் சென்றால் மருந்து விவரத்தைப் பெரிய எழுத்தில் எழுதிக் கொடுங்கள். தறி ஓட்டும் அப்பாவிடமும் அம்மாவிடமும் டெசிபெல் கணக்கை இன்றே சொல்லுங்கள். அவர்களுக்கு இன்னும் காது நன்றாகக் கேட்கிறது அல்லவா?