தக்காளிக்கு முட்டை ஓடு

பெரியாழ்வார் நந்தவனம் வைத்த ஸ்ரீவில்லிபுத்தூர்ப் பெண்மணிகளுக்குத் தோட்டம் போடக் கற்றுக் கொடுக்க வேண்டியதில்லை. ஆனாலும் அங்கேயும் சரி, பக்கத்து ராஜபாளையத்திலும் சரி, மாடியில் தொட்டி வைத்திருப்பவர்களுக்கு ஒரு குறை உண்டு. தக்காளி நன்றாகத் திரண்டு வரும். பறித்துத் திருப்பிப் பார்த்தால் அடிப்பக்கம் கறுத்துக் குழிந்திருக்கும்!

இது பூச்சியின் வேலையல்ல. காய்க்குச் சுண்ணாம்புச் சத்து எட்டவில்லை என்று அர்த்தம். முட்டை ஓட்டில் நூற்றுக்குச் சுமார் 95 பங்கு கால்சியம் கார்பனேட்தான். ஆனால் ஓட்டை நொறுக்கிச் செடியடியில் போட்டால் போதும் என்று நினைக்காதீர்கள். அது தண்ணீரில் கரையாது; வருஷக் கணக்கில் அப்படியே கிடக்கும். கழுவிக் காய வைத்து, வாணலியில் சூடு காட்டி, முகப் பவுடர் போல நைசாக அரைத்துச் சலித்துக் கொள்ளுங்கள். தொட்டிக்கு இரண்டு தேக்கரண்டி வீதம், நாற்று நடும்போதே மண்ணில் கலந்துவிட வேண்டும். கறுத்த காயை அது திருப்பித் தராது.

அதற்கு முன் மண்ணைச் சோதியுங்கள். ஒரு பிடி காய்ந்த மண்ணில் சிறிது வினிகர் விடுங்கள். நுரைத்துப் பொங்கினால் சுண்ணாம்பு ஏற்கெனவே இருக்கிறது. கரிசலில் பல இடங்களில் அப்படித்தான். அதற்கு ஓடு வேண்டாம். செம்மண்ணும் தென்னை நார்க் கழிவும் நிரப்பிய தொட்டிக்கே அது உதவும்.

முக்கியமான விஷயம் இனிமேல்தான். சத்தைக் காய்க்குச் சுமந்து செல்வது தண்ணீர். இரண்டு நாள் மறந்துவிட்டு, மூன்றாம் நாள் குடம் குடமாகக் கொட்டினால், எத்தனை ஓடு போட்டாலும் காய் கறுக்கத்தான் செய்யும். தினமும் அளவாக ஊற்றுங்கள். முட்டை வாங்காத வீட்டாரும் வருத்தப்பட வேண்டாம். பாதி வைத்தியம் உங்கள் கைச் செம்பிலேயே இருக்கிறது!