பெயருக்குச் சொல்லும் பொருள் மெய்தானா?

அண்மையில் எமது பகுதியில் ஓர் இளந்தம்பதியினர் தம் ஆண் குழந்தைக்குப் பெயர் தேடிக்கொண்டிருந்தனர். காலஞ்சென்ற அப்பப்பாவின் பெயரான சின்னப்பு என்பதை இடவேண்டும் என்பது வீட்டு மூத்தோரின் விருப்பம். தாய்க்கு அதில் மனமில்லை. "சின்னப்பு என்றால் சிறியவன் என்றுதானே சேர் பொருள்? பிள்ளை வாழ்க்கையில் சிறுத்துப் போகாதா?" என்று என்னிடம் கேட்டார். அவர் கையிலிருந்த பெயர்ப் புத்தகத்தில் ஒரு வரி பென்சிலால் கோடிடப்பட்டிருந்தது: 'சேவியர் – அறபுச் சொல் – ஒளி பொருந்தியவன்.'

முதலில் சேவியரைப் பார்ப்போம். இப்பெயர் உலகெங்கும் பரவக் காரணமானவர் 1506இல் பிறந்த புனித பிரான்சிஸ் சவேரியார். சேவியர் என்பது அவருடைய பெயரன்று; அவர் பிறந்த கோட்டையின் பெயர். அது இன்றைய ஸ்பெயினின் வடக்கே நவார் பகுதியில் உள்ளது. அவ்விடத்தில் வழங்கிய பாஸ்க் மொழியில் 'எச்சே பெரி' என்றால் புதிய வீடு. அதிலிருந்தே இப்பெயர் திரிந்து வந்தது. அறபும் இல்லை, ஒளியும் இல்லை. எங்கள் சவிரிமுத்துமார் எல்லோரும் 'புதுவீட்டுக்காரர்' என்பதே மெய்.

இனிச் சின்னப்பு. இலத்தீனில் பவுலுஸ் என்றால் சிறியவன். தமிழ் கற்ற பழைய குருமார் அதன் பொருளறிந்தே பவுல் அடிகளாரைச் சின்னப்பர் என்றனர். எபிரேயத்தில் 'இறைவன் அருளுடையவர்' என்று பொருள்படும் யோவானை அருளப்பர் என்றதும் இவ்வாறே. ஆகவே அந்தத் தாய் சொன்ன பொருள் சரி. ஆனால் அப்பெயரைத் தாங்கிய பவுல் சிறுத்தா போனார்? (சைவக் குடும்பங்களில் வரும் சின்னப்பு வேறு, அது சின்ன அப்பு.)

இத்தகைய புத்தகங்கள் ஒன்றைப் பார்த்து மற்றொன்று எழுதப்படுபவை. வனெசா என்பது வண்ணத்துப்பூச்சியைக் குறிக்கும் கிரேக்கச் சொல் என்று பலவற்றில் காணலாம். உண்மையில் அது ஜொனதன் சுவிப்ற் என்னும் எழுத்தாளர் கட்டிய பெயர். எஸ்தர் என்னும் தம் தோழியின் குடும்பப் பெயரில் முதலசையை எடுத்து, எஸ்தரின் செல்லப் பெயரோடு ஒட்டினார். அப்பெயர் வந்த அவரது கவிதை 1726இல் அச்சாயிற்று. வண்ணத்துப்பூச்சி இனமொன்றுக்கு வனெசா என்று பெயரிட்டதோ 1807இல்தான்.

தாயின் பெயரிலும் தகப்பனின் பெயரிலும் எழுத்தெடுத்துக் கூட்டும் எங்கள் பெற்றோர் செய்வதும் சுவிப்ற் செய்ததே. அதில் குற்றமில்லை. அப்படிக் கட்டிய பெயருக்குக் காசு வாங்கிக்கொண்டு ஒரு சமஸ்கிருதப் பொருளை எழுதிக் கொடுப்பதுதான் குற்றம். 'ஷ' வந்தால் எல்லாம் பொய் என்றும் நான் சொல்லவில்லை. நிரோஷன் என்பதற்குச் சமஸ்கிருதப்படி கோபமற்றவன் என்று பொருள் கொள்வது முறையானதே. ஆனால் தமிழ்க் காதுக்கு அது ரோசமில்லாதவன் என்றும் கேட்கும்! எந்த மொழியில் நின்று பொருள் சொல்கிறோம் என்பதைப் பொறுத்தது அது.

எனவே யாரேனும் பொருள் சொன்னால் கேளுங்கள்: எந்த மொழி? எந்தச் சொல்லிலிருந்து வந்தது? முன்னர் யார் அப்பெயரை வைத்திருந்தார்கள்? இம்மூன்றுக்கும் பதிலில்லையாயின் நம்பவேண்டாம். தமிழ்ச் சொல்லென்றால் யாழ்ப்பாணத்து மிஷனரிமார் தொடங்கிய வேலையின் பயனாக 1862இல் வெளிவந்த வின்சுலோ அகராதியையோ, 1924 முதல் 1936 வரை வெளிவந்த சென்னைப் பல்கலைக்கழகத் தமிழ்ப் பேரகராதியையோ பார்க்கலாம். பெரிய நூலகங்களில் கிடைக்கும். ஊர்ப் பாடசாலைத் தமிழாசிரியரிடம் கேட்டாலும் பார்த்துச் சொல்வார். பதிவாளரிடம் போகுமுன் இதைச் செய்வது நல்லது. பின்னர் பத்திரத்தில் பெயர் மாற்றுவதென்றால் அலைச்சல்தான்.

வீட்டிலுள்ள வயது போனவர்களையும் கேட்கவேண்டும். அன்று அந்த அப்பம்மாவிடம், கணவருக்கு ஏன் அப்பெயர் வந்தது என்று கேட்டேன். கணவரின் பெயரை வாயால் சொல்லாத தலைமுறை அவர். "ஆனி இருபத்தொன்பது, பெருநாள் விடியவாம் பிறந்தவர். தமையனுக்கு முதலே இராயப்பு என்று வைச்சாச்சு. அந்த நாளுக்குரிய மற்றவற்றை பேர்தானே மிச்சம்," என்றார்.