பிஜியின் வரலாற்றில் நம் மாவட்டம்

பசிபிக் தீவு நாடுகளின் வரலாறு என்றால், எங்கோ தொலைவில் நடந்த கதை, அதில் நமக்கென்ன என்றுதான் பொதுவாக நினைக்கிறோம். ஆனால் பிஜியின் வரலாற்றை எழுத உட்காரும் எவரும் வட ஆர்க்காடு என்ற பெயரைத் தாண்டிப் போக முடியாது. 1903 முதல் 1916 வரை சென்னையிலிருந்து கப்பலேற்றி அந்தத் தீவுகளின் கரும்புத் தோட்டங்களுக்குக் கொண்டுபோகப்பட்டவர்கள் சுமார் 15,000 பேர். அவர்களை அதிகமாக அனுப்பிய மாவட்டங்களின் வரிசையில் முன்னால் நிற்பது அன்றைய வட ஆர்க்காடு. ஆரணி, போளூர், வந்தவாசி எல்லாம் அன்று அந்த மாவட்டத்தைச் சேர்ந்தவை. திருவண்ணாமலை தாலுகா 1911-ல் தென்னார்க்காட்டிலிருந்து அதனுடன் இணைக்கப்பட்டது. 1989-ல் உருவான இன்றைய திருவண்ணாமலை மாவட்டத்துக்குள்தான் இந்த ஊர்கள் வருகின்றன. எனவே பிஜியின் வரலாற்றில் ஒரு பகுதி நம் மாவட்டத்தின் வரலாறு. அதை மீட்டெடுக்கும் பொறுப்பும் நமக்கு உண்டு.

அங்கே ஆள் ஏன் தேவைப்பட்டது? 1874 அக்டோபர் 10 அன்று பிஜியின் தலைவர்கள் தங்கள் தீவுகளைப் பிரிட்டிஷ் அரசிடம் ஒப்படைத்தார்கள். அடுத்த ஆண்டே தட்டம்மை நோய் புகுந்து மண்ணின் மக்களில் ஏறத்தாழ நான்கில் ஒரு பங்கினரைக் கொன்றது. எஞ்சியவர்களைத் தோட்ட வேலைக்கு இழுத்தால் அவர்களுடைய கிராம வாழ்க்கை சிதைந்துவிடும் என்று கருதினார் முதல் ஆளுநர் ஆர்தர் கார்டன். ஆனால் புதிய காலனியை நடத்தப் பணம் வேண்டும். பணத்துக்குக் கரும்பு வேண்டும். கரும்புக்கு ஆள் வேண்டும். அந்த ஆளை இந்தியாவிலிருந்து கொண்டுவந்தார்கள். 1879 மே 14 அன்று லியோனிடாஸ் என்ற கப்பல் கல்கத்தாவிலிருந்து முதல் கூட்டத்தை இறக்கியது. ஆஸ்திரேலியாவின் காலனியல் சுகர் ரிஃபைனிங் கம்பெனி வந்து ஆலைகளை நிறுவியதும் தேவை பெருகியது. வடக்கில் ஆள் கிடைப்பது கடினமானபோது சென்னை மாகாணத்தின் பக்கம் திரும்பினார்கள். ஏரியை நம்பி, ஏரி வறண்டால் வானத்தை நம்பி வாழ்ந்த வட ஆர்க்காடு, தாது வருஷப் பஞ்சத்தைக் கண்ட பூமி. ஆள் பிடிக்க வந்தவர்களுக்கு இங்கே வேலை சுலபமாக இருந்ததில் வியப்பில்லை.

விரும்பித்தானே போனார்கள், கைநாட்டு வைத்துத்தானே கப்பல் ஏறினார்கள் என்று கேட்பவர்கள் உண்டு. கைநாட்டு வைத்தது உண்மை. ஆனால் ஐந்தாண்டு ஒப்பந்தத்தில் ஆணுக்கு நாளொன்றுக்கு ஒரு ஷில்லிங், பெண்ணுக்கு ஒன்பது பென்ஸ் என்று எழுதியிருந்த கூலி, அன்றைக்கு அளந்துவிட்ட வேலையை முடித்தால்தான் முழுதாகக் கிடைக்கும். வேலைக்கு வராமல் இருப்பது அங்கே குற்றம். அபராதமும் சிறையும் அதற்குத் தண்டனை. பத்தடிக்கு ஏழடி அறையில் மூன்று ஆண்கள் தங்க வேண்டும். அல்லது ஒரு குடும்பம் குழந்தைகளோடு அடங்க வேண்டும். பத்தாண்டு கழிந்தால்தான் இலவசமாக ஊர் திரும்பலாம். இந்தியர்கள் ஒப்பந்தக் கூலிகளாகப் போன நாடுகளிலேயே தற்கொலை விகிதம் மிக அதிகமாக இருந்தது பிஜியில்தான். அங்கே நம் பெண்கள் பட்ட பாட்டைத்தான் பாரதியார் ‘கரும்புத் தோட்டத்திலே’ என்று பாடினார். பசியும் பொய்யுறுதியும் வாங்கிய கைநாட்டைச் சம்மதம் என்று சொல்வது நியாயமாகாது.

இன்னொரு கேள்வி எண்ணிக்கை பற்றியது. இலங்கைக்கும் மலேயாவுக்கும் பர்மாவுக்கும் லட்சக்கணக்கில் போனார்களே, 15,000 பேருக்கு ஏன் இவ்வளவு முக்கியத்துவம் என்பது அது. அந்த நாடுகளுக்குப் போனவர்கள் கங்காணியோடு போனார்கள், ஊருக்கு வந்துபோனார்கள், கடிதமாவது போட்டார்கள். பிஜிக்குப் போனவர்களில் பெரும்பாலோருக்கு அந்தத் தொடர்பும் அறுந்தது. எண்ணிக்கையில் சிறியது என்பதாலேயே இந்தக் கூட்டம் நம் நினைவிலிருந்து முற்றாக நழுவியது. சொல்ல ஆளில்லாத வரலாற்றைத்தான் முதலில் தேடி எழுத வேண்டும்.

அவர்களுடைய பேரப்பிள்ளைகளுக்குத் தமிழே தெரியாதே, இனி என்ன உறவு என்பதும் சரியான கேள்வியாகப் படவில்லை. தோட்டத்தில் மேஸ்திரியும் துரையும் பேசியது இந்துஸ்தானி. சில ஆயிரம் பேராகச் சிதறிக் கிடந்தவர்கள் பிழைப்புக்காக அதையே பேசப் பழகினார்கள். ஆனாலும் கைவிடாதவை பல. 1926-ல் நாண்டி நகரில் சாது குப்புசாமி முன்னின்று தென்னிந்திய சன்மார்க்க ஐக்கிய சங்கத்தைத் தொடங்கினார். தமிழரும் தெலுங்கரும் மலையாளிகளும் சேர்ந்து வளர்த்த அந்தச் சங்கம் இன்றும் பள்ளிகளை நடத்துகிறது; இன மத பேதமில்லாமல் எல்லாப் பிள்ளைகளும் அங்கே படிக்கிறார்கள். நாண்டியில் சிவசுப்பிரமணிய சுவாமி கோயில் கோபுரத்தோடு நிற்கிறது. மாரியம்மன் கோயில்களில் தீமிதி நடக்கிறது. ஆரணிப் பக்கத்துக் கிராமத்துக்காரர் ஒருவர் அங்கே போய் நின்றால் காப்பு கட்டுவதையும் கரகம் எடுப்பதையும் யாரும் அவருக்கு விளக்க வேண்டியிருக்காது.

ஆனால் ஒன்றில் கவனம் வேண்டும். இதை நம்மவர் பட்ட துன்பமாக மட்டும் சொன்னால் மண்ணின் மக்களின் கதை மறைந்துபோகும். பிஜியின் நிலத்தில் எண்பது சதவீதத்துக்கு மேல் அவர்களுக்கே சொந்தம் என்பதும், குத்தகை நிலத்தில் கரும்பு பயிரிட்டவர்கள் பெரும்பாலும் இந்தியர்கள் என்பதும் காலனி ஆட்சி விட்டுச்சென்ற முடிச்சு. 1970-ல் விடுதலை வந்த பிறகும் அது அவிழவில்லை. இந்தியர்கள் பெரும்பான்மையாக இடம்பெற்ற கூட்டணி அரசு அமைந்ததும் 1987 மே 14 அன்று ராணுவ அதிகாரி ரபூக்கா ஆட்சியைக் கவிழ்த்தார். 2000-ல் இந்திய வம்சாவளிப் பிரதமர் மகேந்திர சவுத்ரியின் அரசும் கவிழ்க்கப்பட்டது. பல்லாயிரம் இந்தியர்கள் ஆஸ்திரேலியாவுக்கும் நியூசிலாந்துக்கும் கனடாவுக்கும் இரண்டாம் முறையாகப் புலம்பெயர்ந்தார்கள். அதே ரபூக்கா மறுபடி பிரதமராகி, 2023 மே மாதம் தன் செயலுக்காக இந்திய வம்சாவளியினரிடம் வெளிப்படையாக மன்னிப்புக் கேட்டார். அந்த ஆண்டு முதல், ஒப்பந்தக் கூலிகளை நினைவுகூரும் கிர்மிட் தினம் அங்கே அரசு விடுமுறை. ஒரு சாராரின் கிராம வாழ்வைக் காக்கிறேன் என்று இன்னொரு சாராரைக் கூலிகளாக இறக்கியது காலனி அரசு. லாபம் எடுத்தது கம்பெனி. பகையைச் சுமந்தவர்கள் இரு சாராரும். இரண்டு கதைகளையும் சேர்த்துச் சொன்னால்தான் வரலாறு நேர்மையாக இருக்கும்.

இதை எழுதுவதற்கு ஊகம் தேவையில்லை, தாள் இருக்கிறது. கப்பலேறிய ஒவ்வொருவருக்கும் குடியேற்றச் சீட்டு ஒன்று எழுதப்பட்டது. பெயர், தகப்பன் பெயர், வயது, சாதி, ஜில்லா, தாலுகா, கிராமம், உயரம், உடம்பில் உள்ள தழும்பு அல்லது மச்சம் வரை அதில் பதிவாகியிருக்கும். அந்தச் சீட்டுகள் சுவாவிலுள்ள பிஜி தேசிய ஆவணக் காப்பகத்தில் இருக்கின்றன. நினைவுகூரும் முயற்சிகளும் நடக்காமல் இல்லை. கல்கத்தாவில் ஒப்பந்தக் கூலிகள் கப்பலேறிய கிதர்பூரில் 2011-ல் நினைவுச் சின்னம் எழுந்தது. தமிழ்நாடு அரசு ‘வேர்களைத் தேடி’ திட்டத்தில் அயலகத் தமிழ் இளைஞர்களை அழைத்துவந்து நம் கோயில்களையும் சிற்பங்களையும் காட்டுகிறது. நல்ல முயற்சி. ஆனால் பிஜியிலிருந்து அப்படி வரும் பிள்ளை தேடுவது தன் கொள்ளுத்தாத்தாவின் ஊரை. அரசு சுவாவிலிருந்து வட ஆர்க்காட்டாரின் சீட்டுகளுக்குப் படி எடுத்து, கிராமவாரியாகப் பெயர்ப்பட்டியல் தயாரித்து, எழும்பூர் ஆவணக் காப்பகத்திலும் திருவண்ணாமலை ஆட்சியர் அலுவலகத்திலும் வைக்க வேண்டும். மாவட்டத்துக் கல்லூரிகளின் வரலாற்றுத் துறைகள் ஊர் ஊராகச் சென்று அந்தக் குடும்பங்களைத் தேட வேண்டும். ஊர்ப் பெயர்கள் காகிதத்தில் இருக்கின்றன. அந்த ஊர்களும் இங்கேயே இருக்கின்றன. இரண்டையும் சேர்த்துவைக்கும் வேலையை அரசு இந்த ஆண்டே தொடங்கட்டும்.