செருப்புச் சத்தம்

ஜப்பானில் அசாபு பல்கலைக்கழகத்துக்காரர்கள் 2015-ல் ஒரு சோதனை செய்தார்கள். நாயும் வளர்ப்பவரும் நெடுநேரம் கண்ணோடு கண் பார்த்தால் இரண்டு பேர் உடம்பிலும் ஆக்ஸிடோஸின் ஏறுகிறதாம். தாய்க்கும் கைக்குழந்தைக்கும் சுரக்கிற அதே சமாசாரம். ஓநாயிடம் இது பலிக்கவில்லை. (மேனேஜரிடம் யாரும் சோதிக்கவில்லை.)

எங்கள் மணிக்கு 12 வயசு. எனக்கு இன்க்ரிமென்ட் வந்த நாளும் மெமோ வந்த நாளும் அவனுக்கு ஒன்றுதான். வால் ஒரே வேகத்தில் ஆடும். இப்போ ரெண்டு கண்ணிலும் புரை. செருப்புச் சத்தத்தை வைத்துத்தான் என்னைக் கண்டுபிடிக்கிறான்.

போன வாரம் புதுச் செருப்போடு வந்தேன். குரைத்தான்! கிட்டே போய்க் கையை நீட்டினேன். முகர்ந்தான். அப்புறம்தான் வால்.

பழைய செருப்பைத் தைக்கக் கொடுத்திருக்கிறேன்.