கர்ப்பிணியின் முகமும் மருந்துக்கடைக் களிம்பும்

ஒரு பெண் கருவுற்றிருக்கிறாள் என்ற செய்தி வீட்டில் பரவிய மாத்திரத்தில், பப்பாளியைத் தொடாதே, அன்னாசியை நினையாதே, கிரகண வேளையில் வெளியே வாராதே, பளு தூக்காதே என்று மாமியாரும் தாயாரும் அண்டை வீட்டாரும் மாறி மாறிச் சொல்லும் புத்திமதிகளுக்கு நம்மிடையே குறைவே இராது. அவற்றுட் சில அனுபவத்தில் விளைந்தவை, சில வெறும் அச்சத்தில் விளைந்தவை, ஆனால் எல்லாமே அன்பினால் சொல்லப்படுபவை. ஆயினும், அந்தப் பெண் காலையிலும் இரவிலும் எதைத் தேய்த்து முகம் கழுவுகிறாள், கழுவிய பின் எதைப் பூசிக்கொண்டு படுக்கிறாள் என்று விசாரிப்பவர் அவ்வீட்டில் ஒருவரேனும் இருப்பது அபூர்வம். பேறுகாலப் பரிசோதனைக்குச் செல்லுமிடத்திலும், என்ன மாத்திரை சாப்பிடுகிறாய் என்ற கேள்வி எழுகிறதேயன்றி, என்ன களிம்பு பூசுகிறாய் என்ற கேள்வி எழுவதை நான் அதிகம் கேட்டதில்லை.

கர்ப்பகாலத்தில் முகம் மாறுவது இயற்கை. ஈஸ்ட்ரோஜன், புரோஜெஸ்டிரோன் முதலிய ஹார்மோன்கள் சரீரத்தில் பெருகுவதனால், சிலருக்குத் தோலின் எண்ணெய்ப்பசை மிகுந்து, பள்ளிப் பருவத்தோடு போய்விட்ட பருக்கள் மீண்டும் தோன்றுகின்றன; வேறு பலருக்குக் கன்ன மேட்டிலும் நெற்றியிலும் மேலுதட்டிலும் பழுப்பு நிறத்தில் மங்கு படர்கிறது. வெயில் பட்டால் அது மேலும் கறுக்கும். ஆகையால் வயலிலும் கட்டட வேலையிலும் நாளெல்லாம் நிற்கும் பெண்களுக்கும், உச்சிவேளையில் பேருந்துக்குக் காத்திருக்கும் பெண்களுக்கும் அது அதிகமாகத் தெரிகிறது. பிரசவமாகிச் சில மாதங்களில் பெரும்பாலோர்க்கு அது தானாகவே வெளிறிவிடும் என்று எடுத்துச் சொல்ல ஆளில்லாதபோது, ஏழாம் மாதத்திலோ ஒன்பதாம் மாதத்திலோ வரவிருக்கும் வளைகாப்பும், அன்று எடுக்கப்போகும் புகைப்படங்களும், "முகம் ஏன் இப்படிக் கறுத்துப்போச்சு?" என்று பார்ப்பவரெல்லாம் கேட்கும் கேள்வியும் சேர்ந்து, அப்பெண்ணை மருந்துக்கடை வாசலில் கொண்டுபோய் நிறுத்துகின்றன.

அங்கே மங்குக்கென்று அவள் கையில் வைக்கப்படும் ட்யூபுகளுட் பலவற்றில் ஹைட்ரோகுவினோன், ட்ரெட்டினாயின், மொமெட்டசோன் என்னும் ஸ்டீராய்டு ஆகிய மூன்று மருந்துகள் ஒன்றாய்க் கலந்திருக்கின்றன. இந்த மாதிரிக் கூட்டு மருந்தை, இன்றையதினின்று சற்றே வேறுபட்ட அளவுகளிலும் வேறொரு ஸ்டீராய்டோடும், 1975-ஆம் ஆண்டில் அமெரிக்கத் தோல் மருத்துவரான க்ளிக்மன் தம் சகா ஒருவரோடு சேர்ந்து வெளியிட்டார். வைத்தியரின் மேற்பார்வையில், தக்க நோயாளிக்கு, சில வார காலத்துக்குக் கொடுத்தால் பலன் தரும் மருந்துதான் அது. ஆனால் கர்ப்பிணிக்கு அந்த மூன்றில் ஒவ்வொன்றும் ஒவ்வொரு காரணத்தால் விலக்கத்தக்கது. ஹைட்ரோகுவினோன், பூசிய அளவில் மூன்றில் ஒரு பங்குக்கும் மேலாகத் தோலின் வழியே இரத்தத்தில் கலந்துவிடக் கூடியது. மேற்பூச்சு மருந்துகளில் இவ்வளவு உட்புகுவன சிலவே. ட்ரெட்டினாயின், விட்டமின் 'ஏ' வர்க்கத்தைச் சேர்ந்தது; அதே வர்க்கத்து ஐசோட்ரெட்டினாயின் மாத்திரை, சிசுவின் காதுகளையும் முகத்தையும் இருதயத்தையும் மூளையையும் ஊனப்படுத்தும் என்பது, அது அமெரிக்காவில் 1982-இல் விற்பனைக்கு வந்த சில ஆண்டுகளிலேயே சந்தேகத்துக்கு இடமின்றித் தெரிந்த உண்மை. மேலே பூசும்போது உட்செல்வது மிகச் சொற்பமே என்றாலும், அவசியமில்லாத ஓர் அலங்காரத்துக்காக அந்த வர்க்கத்தைத் தொடவேண்டியதில்லை என்று வைத்தியர்கள் ஒருமனதாகச் சொல்கிறார்கள். மூன்றாவதான ஸ்டீராய்டோ, முதலில் முகத்தைப் பளிச்சென்று வெளுப்பாக்கி, நாளடைவில் தோலை மெலியச் செய்து, சிவப்பையும் எரிச்சலையும் முடி வளர்ச்சியையும் புதிய பருக்களையும் உண்டாக்கி, நிறுத்தினால் முன்னினும் மோசமாகி, பூசுபவளைத் தன்னை விட முடியாதபடி கட்டிப்போடுகிறது. அதிவீரியமான ஸ்டீராய்டு களிம்புகளைக் கர்ப்பகாலத்தில் மொத்தம் 300 கிராமுக்கு மேல் உபயோகித்த தாய்மார்களுக்குப் பிறந்த குழந்தைகளில் எடைக்குறைவு அதிகம் காணப்பட்டதாகவும் ஆராய்ச்சிகள் தெரிவிக்கின்றன. மங்கை வரவழைப்பது கர்ப்பம். மங்குக்கென்று விற்கப்படும் ட்யூபோ கர்ப்பத்துக்கு ஆகாதது. கடைக்காரர் ஒரே ஒரு கேள்வி கேட்டிருந்தால் நின்றுபோயிருக்கும் விற்பனை இது.

மருத்துவர் சீட்டைக் கேட்கும் கடமையேனும் அவருக்குச் சட்டப்படி உண்டு. மேற்பூச்சு ஸ்டீராய்டுகள் 14-ஐ 2018 மார்ச்சில் மத்திய அரசு 'ஹெச்' அட்டவணைக்குள் கொண்டுவந்து, மருத்துவர் சீட்டில்லாமல் விற்கக்கூடாது என்று விதித்தது; நாட்டின் தோல் மருத்துவர் சங்கம் பல ஆண்டுகள் போராடிப் பெற்ற விதி அது. சட்டம் புத்தகத்திலும், ட்யூப் பலசரக்குப் பட்டியலோடு சேர்ந்து வாங்கிவரும் பையிலுமாக இருப்பதை நாம் அனைவரும் அறிவோம்.

இவ்வளவு சொன்னதால், அறியாமல் ஒரு மாதம் பூசிவிட்ட பெண் எவளேனும் இதைப் படித்துக் கலங்குவாளாயின் அவளுக்கு ஒரு வார்த்தை. ட்ரெட்டினாயினைத் தோலில் பூசிய தாய்மார்களை ஆராய்ந்தவர்கள், அவர்களுடைய குழந்தைகளிடம் ஊனம் அதிகமாகக் கண்டாரில்லை. ஆகவே ட்யூபை மூடி வைத்துவிட்டு, அடுத்த பரிசோதனையில் மருத்துவரிடம் அதைக் காட்டினால் போதும். ஐசோட்ரெட்டினாயின் மாத்திரையை விழுங்கியிருந்தால் மட்டும் ஒரு நாளும் தாமதியாமல் அன்றே சென்று சொல்லவேண்டும்.

இனி, முகம் கழுவும் பொருளுக்கு வருவோம். கழுவி நீரோடு போய்விடும் வஸ்துவுக்கும், தோலில் இராமுழுதும் தங்கியிருக்கும் வஸ்துவுக்கும் உள்ள பேதத்தை அறிந்துகொண்டாலே பாதிப் பயம் தீர்ந்துவிடும். சாலிசிலிக் அமிலம் என்ற பெயரைக் கண்டதும் அது ஆஸ்பிரினின் உறவு என்று எங்கோ படித்து அஞ்சுகிற பெண்கள் பலர். ஆனால் பருவுக்கான ஃபேஸ் வாஷில் 2 சதவீத அளவில் அது சில விநாடிகள் முகத்தில் இருந்து கழுவப்பட்டுவிடுகிறது. அமெரிக்க மகப்பேறு மருத்துவர்களின் சங்கம் கர்ப்பிணிகள் பருவுக்கு உபயோகிக்கலாம் என்று கூறும் மேற்பூச்சுகளில் அதுவும், பென்சாயில் பெராக்சைடும், அசிலெயிக் அமிலமும், கிளைகாலிக் அமிலமும் அடங்கும். அதே சாலிசிலிக் அமிலத்தைப் பலமடங்கு வீரியத்தில் பூசித் தோலை உரிக்கும் பியூட்டி பார்லர் சிகிச்சையோ முற்றிலும் வேறு சங்கதி. வளைகாப்புக்கு முந்தின வாரம் அதற்கு ஆசைப்பட வேண்டாம்.

பருவோ மங்கோ இல்லாத, அல்லது இருந்தும் பொறுத்துக்கொள்ளக் கூடிய கர்ப்பிணிக்கு, என் அபிப்பிராயத்தில், மிகச் சாதாரணமான கழுவுபொருளே மிகச் சிறந்தது. நம் தோல் சிறிது அமிலத்தன்மை உடையது. அதன் பி.எச். அளவு 5-ஐ ஒட்டியிருக்க, காரத்தன்மை உடைய சாதாரணச் சோப்பின் அளவு 9 அல்லது 10. உறையில் டி.எஃப்.எம். (மொத்தக் கொழுப்புப் பொருள்) 76 சதவீதம் என்று அச்சிட்டிருந்தால் அது முதல் தரச் சோப்பு என்று இந்தியத் தர நிர்ணயம் சொல்கிறது. இரண்டாம் தரத்துக்கு 70, மூன்றாம் தரத்துக்கு 60. ஆயினும் முதல் தரச் சோப்பும் காரத்தன்மை உடையதே. முகம் கழுவியதும் தோல் இழுத்துப் பிடிப்பதுபோல் தோன்றுமாயின், சோப்பைக் கைகால்களுக்கு வைத்துக்கொண்டு, முகத்துக்குக் காரமில்லாத மென்மையான கழுவுநீரை நாடலாம். வாசனை குறைந்ததாகப் பார்த்து வாங்குவதில் இன்னொரு நன்மையும் உண்டு: மசக்கைக் காலத்தில் மல்லிகையின் மணமே குமட்டும்போது, செயற்கை வாசனையை யார் தாங்குவார்? நாளொன்றுக்கு இருமுறை கழுவினால் போதும். வெயிலுக்குக் குடையும், ஜிங்க் ஆக்சைடு அல்லது டைட்டானியம் டை ஆக்சைடு கொண்ட சன்ஸ்கிரீனும் மங்கு மேலும் படராமல் தடுக்கும். கர்ப்பிணிக்கு அவற்றால் தீங்கில்லை.

பயத்தமாவும் கஸ்தூரி மஞ்சளும் இருக்க இவையெல்லாம் எதற்கு என்று பாட்டிமார் கேட்கக்கூடும். பயத்தமாவின்மீது எனக்கு மிகுந்த மரியாதை உண்டு. வீட்டில் காய வைத்து அரைத்த மாவுக்கு நிகரான எளிய கழுவுபொருள் வேறில்லை. ஆனால் இயற்கை என்று உறையில் எழுதிவிட்டதனால் ஒரு பொருள் சுத்தமாகிவிடாது. மஞ்சளின் நிறம் கண்ணைப் பறிக்க வேண்டும் என்பதற்காக ஈயம் கலந்த லெட் குரோமேட் என்னும் சாயத்தை அதன்மீது ஏற்றும் கொடுமையை, வங்கதேசத்தில் 2019-இல் ஆராய்ச்சியாளர்கள் அம்பலப்படுத்தினார்கள். பொடியில் மாத்திரமல்ல, கிழங்கை மெருகேற்றும்போதே சாயம் ஏற்றப்பட்டது. ஈயம் நஞ்சுக்கொடியைத் தடையின்றிக் கடந்து சிசுவை அடைவது. அதன் மூளை வளர்ச்சியைக் குலைப்பது. பூசுகிற மஞ்சளைவிடத் தின்னுகிற மஞ்சளில்தான் அபாயம் அதிகமென்றாலும், முகத்தில் பூசியது உதட்டில் படாமல் இருப்பதில்லை, பூசிய கை சோற்றில் படாமலும் இருப்பதில்லை. மெருகேற்றாத கிழங்கை வாங்கி வீட்டில் இழைத்துக்கொள்ளும் பழைய வழக்கமே மேல்.

ஆனால் எல்லாவற்றிலும் என் மனத்தை அதிகமாக உறுத்துவது பாதரசமே. தோலுக்கு நிறம் தரும் மெலனின் உண்டாவதைத் தடுக்கும் சக்தி அதற்கு இருப்பதனால், வெளுப்பாக்கும் க்ரீம்களில் அதைக் கள்ளத்தனமாகக் கலப்போர் இன்றும் இருக்கிறார்கள். கேரளத்தில் கோட்டக்கல் நகரத்துச் சிறுநீரக மருத்துவர்கள், 2021 ஜூலை முதல் 2023 செப்டம்பர் வரை தங்களிடம் வந்த ஒருவகைச் சிறுநீரக நோயாளிகள் 22 பேரை ஆராய்ந்தபோது, அவர்களில் 15 பேருக்கு அபூர்வமான ஓர் உட்பிரிவு நோய் இருப்பதையும், அந்த 15 பேரில் 13 பேர் முகம் வெளுக்கும் க்ரீம் பூசி வந்தவர்கள் என்பதையும் கண்டார்கள். சிறுநீரகத்தைக் கெடுக்கும் அதே பாதரசம் கர்ப்பிணியின் உடலிலிருந்து சிசுவுக்கும், பின்னர்த் தாய்ப்பாலின் வழியே குழந்தைக்கும் போகிறது. க்ரீமிலிருந்து ஆவியாகித் துண்டிலும் தலையணையிலும் படிந்து, பூசாதவர்களையும் தீண்டுகிறது. அழகுப் பொருள்களில் தற்செயலாகச் சேரும் பாதரசம் 10 லட்சத்தில் 1 பங்கைத் தாண்டக்கூடாது என்பது நம் நாட்டின் 2020-ஆம் ஆண்டு விதி. 2013-இல் ஜப்பானில் கையெழுத்தான மினமாட்டா உடன்படிக்கையில் சேர்ந்த தேசங்கள், 2025-க்குப் பின் பாதரசம் சேர்த்த அழகுப் பொருள் எதுவுமே கூடாதென்று முடிவெடுத்திருக்கின்றன. ஆனால் உற்பத்தியாளர் விலாசமோ சேர்மானப் பட்டியலோ இல்லாமல், வெளிநாட்டுச் சரக்கென்று சொல்லிக் கைப்பேசி மூலமாகவும் சிறு கடைகளிலும் விற்கப்படும் டப்பிகள் எந்த விதிக்கும் கட்டுப்படுபவை அல்ல. கலோமெல், மெர்குரியோ, மெர்குரிக் என்ற சொற்களுள் ஒன்றேனும் உறையில் இருந்தாலும், தங்க நகையிலும் வெள்ளி நகையிலும் படாமல் பார்த்துக்கொள்ளும்படி எச்சரித்திருந்தாலும், அதில் பாதரசம் இருக்கிறதென்று அறிக. நகைக்கு ஆகாததைக் கருவைச் சுமக்கும் உடலில் தடவும்படி விற்கிறார்கள் என்பதை நினைக்கும்போது மனம் பதறுகிறது.

இத்தனைக்கும் அடியில் கிடப்பது நிறத்தின் மீதுள்ள மோகம். பாலில் குங்குமப்பூவைக் கலந்து கொடுத்தால் குழந்தை சிவப்பாய்ப் பிறக்கும் என்ற நம்பிக்கையோடு நம் வீடுகளில் அந்த மோகம் கருவறைக்குள்ளேயே புகுந்துவிடுகிறது. குழந்தையின் நிறத்தைத் தாய் தந்தையரின் மரபணுக்கள் நிர்ணயிக்கின்றனவேயன்றிப் பூவின் நிறம் நிர்ணயிப்பதில்லை. பல தலைமுறைப் பெண்களுக்கு வெளுப்பை வாக்களித்த ஒரு பிரசித்தமான க்ரீம், 2020-இல் தன் பெயரிலிருந்த 'ஃபேர்' என்ற சொல்லைக் கைவிட்டது. வீட்டில் பெண் பார்க்கும் படலத்திலும், தொட்டிலை எட்டிப்பார்க்கும் உறவினரின் முதல் வாக்கியத்திலும் அந்தச் சொல் இன்னும் கைவிடப்படவில்லை. கர்ப்பிணியைப் பார்த்து, கறுத்துவிட்டாய் என்று சொல்லும் ஒவ்வொருவருக்கும் அந்த ட்யூபின் விற்பனையில் ஒரு பங்கு உண்டென்று நான் உறுதியாக நம்புகிறேன்.

லேபிளைப் படித்துப் பார்த்து வாங்கு என்று அவளுக்கே எல்லாப் பாரத்தையும் ஏற்றிவிடுவது நியாயமாகாது. பூச்சிபோல் பொடி எழுத்தில், ஆங்கிலத்தில், ரசாயனப் பெயர்களால் நிறைந்த அந்தப் பட்டியலைப் படிக்கப் பட்டம் பெற்றவர்களாலும் இயலாது. ஹைட்ரோகுவினோனோ ட்ரெட்டினாயினோ கொண்ட ஒவ்வொரு ட்யூபின் மேலும், கர்ப்பிணிகள் பூசக்கூடாது என்று தமிழ்நாட்டில் தமிழிலும், மற்ற மாநிலங்களில் அவ்வவற்றின் மொழியிலும், பெரிய எழுத்தில் அச்சிடும்படி மத்திய அரசு கட்டளையிடவேண்டும். நம் மாநில அரசு டாக்டர் முத்துலட்சுமி ரெட்டி மகப்பேறு நிதியுதவித் திட்டத்தின்கீழ்க் கர்ப்பிணிகளுக்கு வழங்கும் ஊட்டச்சத்துப் பெட்டகத்துக்குள், எதைக் கொண்டு முகம் கழுவலாம், எந்தக் களிம்பை விலக்கவேண்டும் என்று கூறும் ஒரு துண்டுத்தாளை வைப்பதற்கு ஆகும் செலவு சொற்பம். அதைவிட எளிதானது ஒன்றுண்டு. கர்ப்பம் பதிவாகும் முதல் நாளில், நீ முகத்தில் பூசும் ட்யூபையும் டப்பியையும் அடுத்த முறை கையோடு கொண்டு வா அம்மா என்று கிராம சுகாதாரச் செவிலியர் சொல்லட்டும். எடையும் இரத்த அழுத்தமும் எழுதப்படுகிற அதே அட்டையில், அவள் கொண்டுவந்தவற்றின் பெயர்களையும் ஒரு வரியில் எழுதி மருத்துவர் கண்ணில் படும்படி வைக்கட்டும்.