மூன்றெழுத்து விடுபட்டால்...



டிராயிங் ஷீட்டில் ஒரு டைமென்ஷன் விடுபட்டால் என்ன ஆகும்? சார் சிவப்பு மையால் சுழித்து 'ரிப்பீட்' போடுவார். ஒரு ராத்திரி கண் விழித்தால் சரியாகிவிடும். ஆனால் ஒரு மனிதனின் பிறப்பைச் சொல்லும் காகிதத்தில் மூன்றெழுத்து விடுபட்டால்? மூன்று தலைமுறைக்கும் ரிப்பீட்தான்!

என் பக்கத்து பெஞ்சு நண்பன் காட்டுநாயக்கன் சமூகத்தைச் சேர்ந்தவன். (பெயர் போடாதே என்றான்.) தமிழ்நாட்டின் பழங்குடிப் பட்டியலில் உள்ள சமூகம் அது. அவன் அப்பாவைப் பள்ளியில் சேர்த்த அன்று, பதிவேட்டில் எழுதியவர் 'காட்டு' என்பதை விட்டுவிட்டு 'நாயக்கன்' என்று மட்டும் எழுதிவிட்டார். கைநாட்டு வைத்த தாத்தாவுக்கு அது எப்படித் தெரியும்? பேரன் சாதிச் சான்றிதழுக்கு மனுப் போட்டபோது, "உங்கப்பா டி.சி.யிலேயே வேற மாதிரி இருக்கேப்பா" என்று திருப்பி அனுப்பிவிட்டார்கள். பொதுப் பிரிவில்தான் சேர முடிந்தது. உதவித்தொகை கிடையாது. சாயங்காலம் நாம் மட்டையைத் தூக்கிக்கொண்டு மைதானத்துக்குக் கிளம்பும்போது, அவன் லேத் பட்டறைக்குக் கிளம்புகிறான்.

இதைச் சொன்னால், "அதுக்காக கேட்டவனுக்கெல்லாம் சான்றிதழ் கொடுத்துட முடியுமா?" என்று சிலர் கேட்கிறார்கள். நியாயமான கேள்விதான். இங்கே பழங்குடியினருக்கான ஒதுக்கீடே நூற்றுக்கு 1. அந்த ஒன்றையும் பொய்ச் சான்றோடு ஒருவன் தட்டிக்கொண்டு போனால், அது திருட்டு இல்லாமல் வேறென்ன?

மகாராஷ்டிரத்தில் அப்படி ஒரு வழக்கு நடந்தது. மருத்துவப் படிப்புக்கு 'மகாதேவ் கோலி' என்ற பழங்குடிச் சான்று காட்டப்பட்டது. பழைய பள்ளிப் பதிவேட்டிலோ 'இந்து கோலி' என்றுதான் இருந்தது. 1994-ல் உச்ச நீதிமன்றம் அந்தச் சான்றை ஏற்கவில்லை. அதுதான் மாதுரி பாட்டீல் வழக்கு. சான்றுகளைச் சரிபார்க்கக் குழுக்கள் அமைக்க வேண்டும் என்று உத்தரவு வந்ததும் அந்தத் தீர்ப்பில்தான். தமிழ்நாட்டிலும் மாநில அளவில் கூர்நோக்குக் குழு உண்டு. பொய்ச் சான்றால் பெற்ற வேலையும் பட்டமும் நிலைக்காது என்று 2017-ல் உச்ச நீதிமன்றம் கறாராகச் சொல்லிவிட்டது. எனக்கு அதில் மாற்றுக் கருத்தே இல்லை.

ஆனால் ஒன்றைக் கவனியுங்கள். அங்கேயும் பதிவேட்டில் ஒரு சொல் இல்லை. என் நண்பன் வீட்டிலும் ஒரு சொல் இல்லை. அங்கே அது பொய்யைக் காட்டிக் கொடுத்தது. இங்கே அது எழுதியவரின் கவனக்குறைவு. காகிதத்தை மட்டும் பார்த்தால் இரண்டும் ஒன்றுபோலத்தானே தெரியும்? ஊருக்குப் போய் விசாரித்தால்தானே வித்தியாசம் புரியும்?

சுதந்திரத்துக்கு முந்தைய ஆவணங்களுக்கு மதிப்பு அதிகம் என்று 2011-ல் ஆனந்த் வழக்கில் உச்ச நீதிமன்றம் சொன்னது. சரிதான், சலுகை வருமென்று தெரியாத காலத்தில் பொய் எழுத யாருக்கு என்ன அவசியம்? ஆனால் அந்தக் காலத்தில் பள்ளிக்குப் போனவர் யார்? நிலம் இருந்தவருக்குப் பத்திரம் இருக்கும். தேன் எடுத்துப் பிழைத்தவருக்கு எந்த ரிஜிஸ்டர் இருக்கும்? இதை நீதிமன்றமும் உணர்ந்திருக்கிறது. முதல் தலைமுறையாகப் பள்ளிக்கு வந்தவரிடம் ஆவணம் இல்லை என்பதற்காக மட்டும் மனுவைத் தள்ளக்கூடாது என்று அதே தீர்ப்பு சொல்கிறது.

இன்னொரு சோதனையும் உண்டு. குலதெய்வம் எது, கல்யாணச் சடங்கு என்ன, பேச்சு வழக்கு என்ன என்று கேட்பார்கள். டவுனில் பிறந்து வளர்ந்த பையனுக்கு இதெல்லாம் எப்படித் தெரியும்? இந்தச் சோதனை லிட்மஸ் தாள் அல்ல என்று 2023-ல் மூன்று நீதிபதிகள் அமர்வு தெளிவாக்கிவிட்டது.

ஆக, சட்டம் நன்றாகத்தான் இருக்கிறது. அது கவுண்டர் வரை வந்து சேரவில்லை! சரிபார்ப்பு விசாரணையை 2 மாதத்துக்குள் முடிக்கச் சொன்னது 1994 தீர்ப்பு. ஆனால் 2022 அக்டோபரில், மகனுக்குப் பழங்குடிச் சான்று கிடைக்கவில்லை என்று ஒரு தந்தை சென்னை உயர் நீதிமன்ற வளாகத்தில் தீக்குளித்து உயிரை விட்டார். நாம் கேட்பது சலுகை அல்ல. காகிதம் இல்லையென்றால் நேரில் வந்து விசாரியுங்கள். மறுப்பதானால் காரணத்தை எழுதிக் கொடுங்கள். எதுவானாலும் காலத்தில் முடிவு சொல்லுங்கள். அவ்வளவுதான்.

போன மாதம் நண்பன் ஓடி வந்தான். அவன் தாத்தாவோட அண்ணன் இரண்டே வருஷம் போர்டு ஸ்கூலில் படித்திருக்கிறார். 1946-ம் வருட சேர்க்கைப் பதிவேட்டில், மங்கிய மையில், 'காட்டுநாயக்கன்' என்று முழுசாக இருக்கிறதாம்! நகல் வாங்கி மறுபடி மனுப் போட்டிருக்கிறான். முடிவு இன்னும் வரவில்லை.

நண்பர்களே, இந்த லீவில் வீட்டு டிரங்குப் பெட்டியைத் திறந்து பாருங்கள். பழைய டி.சி. இருந்தால் நகல் எடுத்து வையுங்கள். நம் தாத்தாக்கள் கைநாட்டு வைத்தவர்கள். என்ன எழுதியிருக்கிறது என்று கேட்க அவர்களுக்கு வழியில்லை. நமக்கு இருக்கிறது. தம்பி தங்கையைப் பள்ளியில் சேர்க்கும்போது பதிவேட்டை ஒருமுறை படித்துப் பார்ப்போம். பக்கத்தில் எழுதப் படிக்கத் தெரியாத ஒரு அம்மா நின்றால், அவருக்கும் படித்துக் காட்டுவோம்.

- இறுதியாண்டு இயந்திரவியல் மாணவன்